எலியைப் பார்க்கவா இவ்வளவு தூரம்?

ஊர் திரும்பி இரண்டு வாரமாகிறது. இடுப்புப் பிடிப்பு இன்னும் விடவில்லை. மேற்கு ஆஸ்திரேலியாவில் எட்டு நாள் இருந்தேன், அதில் ஐந்து நாள் காரிலேயே கழிந்தது. ராத்திரி தூங்குமுன் நோட்டில் கிறுக்கி வைத்ததைத் தேதிவாரியாகத் தருகிறேன். ஆளுயரக் கங்காரு குத்துச்சண்டை போடும் கதையை எதிர்பார்த்து வருபவர்கள் மன்னிக்க வேண்டும். நான் தேடிப்போனது அந்தக் குடும்பத்தின் நொடித்துப்போன சொந்தக்காரர்களை, அதாவது அழிவின் விளிம்பில் நிற்கும் சின்னக் கங்காரு வகைகளை.

நவம்பர் 7, வெள்ளி – பெர்த்

அக்கா போனில் கேட்டது கறிவேப்பிலை மட்டும்தான். மதுரையில் ஈரத்துணியில் சுற்றி, அதன்மேல் செய்தித்தாளைச் சுற்றி, பெட்டியின் நடுவில் பத்திரமாக வைத்துக் கொண்டுபோனேன். விமான நிலையப் படிவத்தில் 'உணவுப் பொருள் உண்டா' என்பதற்கு 'ஆம்' போட்டதால் தனி வரிசை. நீலக் கையுறை போட்ட ஓர் அம்மாள் முறுக்கையும் பருப்புப்பொடியையும் பிரித்துப் பார்த்துத் திருப்பி வைத்தார். கறிவேப்பிலைப் பொட்டலத்தைத் திறந்ததும் முகம் வாடிவிட்டது. இரண்டு தடவை மன்னிப்புக் கேட்டுவிட்டு அதைக் குப்பைத் தொட்டியில் போட்டார். மறைக்காமல் சொன்னதால் அபராதம் இல்லை என்றும், என் முறுக்கு நல்ல வாசனையாக இருக்கிறது என்றும் சொன்னார்.

கோபிக்க முடியவில்லை. பட்டுத் தெளிந்தவர்கள் இவர்கள். முதல் கப்பல்களிலேயே பூனை வந்து இறங்கியது. 1859-இல் விக்டோரியாவில் ஒரு கனவான் சுட்டு விளையாட இங்கிலாந்திலிருந்து 24 முயல்களை வரவழைத்தார். குதிரையேறித் துரத்த நரி வேண்டும் என்று வேறு சிலர் நரியையும் கொண்டுவந்தார்கள். அன்றைக்கு அந்தக் கனவான்களின் பெட்டியைத் திறந்து பார்க்க ஒரு நீலக் கையுறை இல்லை. இந்தப் பயணம் முழுக்க நான் கேட்ட கதை எல்லாம் அந்தப் பூனையும் நரியும் செய்த வேலைதான்.

வீட்டில் அக்கா மகள் நிலாதான் என் டிரைவர். நர்சிங் படிக்கிறாள், தேர்வு முடிந்து சும்மா இருக்கிறாள். எங்கே போகிறோம் என்று கேட்டாள். பொட்டரூ, வாய்லி, பூடி என்று அடுக்கினேன். போனில் படம் தேடிப் பார்த்தாள். "மாமா, எலியப் பாக்கவா இவ்வளவு தூரம் வந்தீங்க?"

எலி இல்லை, எல்லாம் கங்காரு வகைதான், வயிற்றில் பை உண்டு, பின்னங்காலால் தத்தும் என்று விளக்கினேன். பெரிய கங்காருவுக்கு ஒரு குறைச்சலும் கிடையாது, கோடிக்கணக்கில் இருக்கிறது. போனதெல்லாம் சின்னது. பர்பிட்ஜ், மெக்கென்சி என்ற இரண்டு ஆய்வாளர்கள் 1989-இல் ஒரு கணக்குப் போட்டார்கள்: 35 கிராமிலிருந்து ஐந்தரைக் கிலோ வரை எடையுள்ள பாலூட்டிகள்தான் இந்தக் கண்டத்தில் அதிகம் அழிந்திருக்கின்றன. நரிக்கும் பூனைக்கும் வாய்க்கு அடக்கமான உருப்படி.

"சரி, நடுவுல நல்ல சாப்பாடு உண்டா?" என்றாள்.

நவம்பர் 8, சனி – ராட்நெஸ்ட் தீவு

ஃப்ரீமேண்டிலிலிருந்து படகில் அரை மணி நேரம். இரண்டு பேருக்கும் போக வர ஒன்பதாயிரம் ரூபாய்க்கு மேல் ஆனது. அந்த அரை மணியில் கடல் எங்களைத் தூக்கித் தூக்கிப் போட்டது. எதிர்ச் சீட்டிலிருந்த பெரியவர் காகிதப் பையில் வாந்தி எடுத்துவிட்டு, ஏதோ நம்மேல் இடித்துவிட்டவர் மாதிரி எல்லாரிடமும் 'சாரி' சொன்னார்.

இறங்கி நூறு அடி நடப்பதற்குள் குவாக்கா வந்துவிட்டது, இதுவும் சின்னக் கங்காரு வகைதான். பெருத்த பூனை அளவு, உருண்டை முகம், எந்நேரமும் சிரிக்கிற மாதிரி வாய். தீவில் பத்தாயிரம் வரை இருக்கலாம் என்கிறார்கள். ஆட்களைக் கண்டு ஒதுங்குவதே இல்லை. கடை வாசல்களில் அவை நுழையாமலிருக்கக் குட்டிக் கதவு போட்டிருக்கிறார்கள். எதிர்க்கரையில் இதே குவாக்கா அங்கங்கே புதருக்குள் பதுங்கிப் பிழைக்கிறது, கண்ணில் படுவதே அபூர்வம். இங்கே நரி வரவில்லை. அவ்வளவுதான் வித்தியாசம்.

1696-இல் இங்கே இறங்கிய டச்சுக்காரர் வில்லெம் டி ஃபிளாமிங் இவற்றைப் பூதாகாரமான எலிகள் என்று நினைத்துத் தீவுக்கு 'எலிக்கூடு' என்று பெயர் வைத்தார். இதைச் சொன்னதும் நிலாவுக்குப் பரம திருப்தி. அவருக்கும் முன்பு, 1629-இல், இந்தக் கரைக்கு வடக்கே கப்பல் உடைந்து அப்ரோலோஸ் தீவுகளில் ஒதுங்கிய பெல்சார்ட் அங்கே டாமர் வாலபி என்ற சின்னக் கங்காருவைப் பார்த்து எழுதி வைத்திருக்கிறார். பைக்குள் முலைக்காம்பைக் கவ்விக்கொண்டிருந்த குட்டியைப் பார்த்துவிட்டு, குட்டி காம்பிலேயே காய்க்கிறது போலிருக்கிறது என்று முடிவு கட்டினார். பலாக்காயைப் பார்த்துப் பழகிய நமக்கு அது அவ்வளவு மோசமான ஊகமாகப் படவில்லை.

மதியம் பெஞ்சில் உட்கார்ந்திருந்தபோது ஒரு குவாக்கா நிலாவின் பைக்குள் தலையை விட்டு முறுக்குப் பாக்கெட்டை இழுத்துக்கொண்டு நகர்ந்தது. இதற்குத் தீனி போடுவது குற்றம், தொடுவதும் கூடாது. தொடாமல் எப்படிப் பிடுங்குவது? பாக்கெட்டின் ஒரு முனை அதன் வாயில், மறு முனை என் கையில். பக்கத்துப் பெஞ்சுப் பாட்டி சிரித்துக்கொண்டே குடையைப் பட்டென்று விரித்தார். அது விட்டுவிட்டு, ஒன்றும் நடக்காதது போலப் புல் மேயப் போய்விட்டது.

எல்லாரும் குவாக்காவோடு படம் எடுத்துக்கொள்ளும் இடத்திலிருந்து கொஞ்ச தூரம்தான் பழைய சிறை. இந்தப் பகுதிப் பழங்குடிகளான நூங்கார் மக்களுக்கு இந்தத் தீவு வாஜெமப். 1838 முதல் 1931 வரை இங்கே ஏறத்தாழ 4,000 பழங்குடி ஆண்களையும் பையன்களையும் அடைத்து வைத்தார்கள். செத்தவர்கள் முந்நூற்றெழுபதுக்கு மேல். அவர்களைப் புதைத்த இடத்தின்மேல் பல வருடம் சுற்றுலாக்காரர்கள் கூடாரம் அடித்துத் தூங்கியிருக்கிறார்கள். அந்தப் பலகையைப் படித்த பிறகு நிலா போனைப் பைக்குள் போட்டுவிட்டாள்.

திரும்பும்போது தெற்கிலிருந்து குளிர்ந்த காற்று வந்தது. மதிய வெயிலைத் தணிக்க வருவதால் அதற்கு 'ஃப்ரீமேண்டில் டாக்டர்' என்று பெயராம். டாக்டர் கொஞ்சம் முரட்டு ஆள், என் தொப்பியைக் கடலில் போட்டுவிட்டார்.

நவம்பர் 9, ஞாயிறு – பெர்த்

வெயில், ஈ, தூக்கம். அத்தான் தோட்டத்தில் மீன் சுட்டுப் போட்டார். நாளைக்குக் கார் எடுப்பதற்கு முன் ஒரே ஒரு பாடம் நடத்தினார்: "பொழுது சாயற நேரத்துல ஓட்டாதீங்க. கங்காரு குறுக்க வந்தா ஸ்டியரிங்கத் திருப்பக் கூடாது, பிரேக்க மட்டும் போடணும். திருப்புனா மரத்துல போய் நிப்பீங்க." நிலா நூறு தடவை கேட்டவள் மாதிரித் தலையாட்டினாள்.

நவம்பர் 10, திங்கள் – டிரையாண்ட்ரா

பெர்த்திலிருந்து தென்கிழக்கே 170 கிலோமீட்டர். ஊர் எல்லை தாண்டியதும் சாலையோரம் கங்காரு தெரிய ஆரம்பித்தது, எல்லாம் செத்தது. பத்துப் பதினைந்து வரை எண்ணிவிட்டு நிறுத்திக்கொண்டேன். வில்லியம்ஸ் என்ற சின்ன ஊரில் பை என்கிற, கறி அடைத்த மாவுப் பண்டமும் காபியும். இரண்டு பேருக்கு 26 டாலர், ஆயிரத்து ஐந்நூறு ரூபாய். பையைக் கடிக்க வாயைத் திறந்தால் ஈ முதலில் போகிறது. பெட்ரோல் பங்கில் இருந்த பெண் இதைப் பார்த்துவிட்டுத் தலைக்குப் போடும் ஈவலையைக் காட்டினார். வேண்டாம் என்றேன். அடுத்த ஊரில் வாங்கினேன், ஆறு டாலர் அதிகமாக.

அதுக்கப்புறம் கண்ணுக்கெட்டிய வரை கோதுமை. அறுவடைக் காலம், பூமியே பொன்னிறமாக இருந்தது. அதற்கு நடுவில் மிச்சம் வைத்த காடுதான் டிரையாண்ட்ரா. தோல் பதனிடும் பட்டைக்காக மேலட் மரங்களை நட்டு வளர்த்ததால் கோதுமைக்குத் தப்பிய காடு. 2022-இல் தேசியப் பூங்கா ஆக்கினார்கள். இந்தக் கோதுமை வயல்கள் காடாக இருந்த காலத்தில் இங்கே பிறைநக வாலபி திரிந்தது. வால் நுனியில் நகம் மாதிரி ஒரு கொம்பு, துரத்தினால் உள்ளே பொந்து விழுந்த மரக்கட்டைக்குள் போய் ஒளியும். 1950களுக்குப் பிறகு ஒன்றுகூட இல்லை. அகலமுகப் பொட்டரூ என்று ஒன்று இருந்தது, 1875-க்குப் பிறகு அதைக் கண்டவர் இல்லை. சீமைநரி இந்தப் பக்கம் எட்டிப் பார்ப்பதற்கு வெகு காலம் முன்பே அது போய்விட்டது, ஆகவே எல்லாப் பழியையும் நரி தலையில் கட்டவும் முடியாது.

இருட்டிய பிறகு 'பார்னா மியா'. நூங்கார் மொழியில் விலங்கின் வீடு என்று பொருள். உயரமான கம்பிவேலி, அதன் அடியில் குழி பறித்து நுழைய முடியாதபடி பாவாடை போல விரித்த கம்பிவலை. பன்னிரண்டு பேருக்கு ஒரு வழிகாட்டிப் பெண். கையில் சிவப்பு விளக்கு. வெள்ளை வெளிச்சம் கூடாது, பேச்சு கூடாது, நாங்கள் நிற்கிற இடத்தில் நிற்க வேண்டும், வருவது வரும் என்றார்.

முதலில் வந்தது பூடி. தேங்காய் அளவு உருண்டை உடம்பு, பருத்த வால். கங்காரு இனத்திலேயே வளை தோண்டி அதற்குள் கும்பலாக வாழ்வது இது ஒன்றுதான். தட்டில் வைத்த தீனிக்கு இரண்டு பூடிகள் முதுகோடு முதுகு உரசிக்கொண்டு உறுமின. ஒரு காலத்தில் கண்டத்தில் பெரும்பகுதி இதன் ராஜ்யம், தோட்டத்தைக் கெடுக்கிறது என்று குடியேறியவர்கள் விஷம் வைத்தார்கள், மிச்சத்தை நரியும் பூனையும் பார்த்துக்கொண்டன. பெருநிலத்தில் ஒன்று மிஞ்சவில்லை. பெர்னியர், டோர், பேரோ என்ற மூன்று தீவுகளில் மட்டும் பிழைத்துக் கிடந்தது. அங்கிருந்து கொண்டுவந்த வம்சம்தான் என் காலடியில் உறுமிக்கொண்டிருக்கிறது.

அப்புறம் மாலா. முயல் மாதிரி ஒல்லி, செம்பட்டை முடி, தட்டுக்கு வராமல் புல்லோரமாகவே நின்றது. நடு ஆஸ்திரேலியப் பாலைவனத்தில் கடைசியாக இரண்டே இரண்டு கூட்டங்கள்தான் இதற்கு இருந்தன. 1987-இல் ஒன்றை நரி முடித்தது. 1991-இல் மற்றதைக் காட்டுத்தீ முடித்தது. நல்ல வேளையாக அதற்கு முன்பே சிலவற்றைப் பிடித்து வந்து வளர்த்திருந்தார்கள்.

வாய்லியின் கதைதான் எனக்கு நெஞ்சில் தங்கியது. ஒரு கிலோவுக்குச் சற்று மேல் இருக்கும். மண்ணுக்கடியில் விளையும் காளானைத் தோண்டித் தின்னும். ஒரு வாய்லி வருடத்தில் ஐந்து டன் மண்ணைக் கிளறுமாம். நம் ஊரில் கூலிக்கு ஆள் வைத்தால் என்ன ஆகும் என்று கணக்குப் போட்டுப் பார்த்தேன். கூடு கட்டும் புல்லை வாலில் சுருட்டித் தூக்கிக்கொண்டு போகும். 1970களில் இந்தக் காட்டோடு சேர்த்து மூன்றே இடத்தில் மிச்சமிருந்தது. நரிக்கு விஷம் வைத்தார்கள். ஆயிரத்தெண்பது என்ற அந்த விஷத்தின் சரக்கு இந்தப் பகுதிப் பட்டாணிச் செடிகளில் இயற்கையாகவே உண்டு. அதைக் காலகாலமாகத் தின்று பழகிய உள்ளூர் விலங்குக்கு அது பெரிதாக ஒன்றும் செய்யாது, வெளியூர் நரி செத்துவிடும். இப்படி ஒரு பொருத்தம் வேறெங்கும் அமையாது. வாய்லி பெருகியது. 1996-இல் அழியும் ஆபத்திலுள்ள விலங்குகள் பட்டியலிலிருந்தே பெயரை எடுத்துவிட்டார்கள். விழா முடிந்து மூன்று நான்கு வருடத்தில் மளமளவென்று சரிந்து, 2006-க்குள் பத்தில் ஒன்பது பங்கு காலி. நரி குறைந்த இடத்தில் பூனை கூடிவிட்டது என்பது முக்கியமான சந்தேகம், நோயும் இருக்கலாம் என்கிறார்கள்.

வழிகாட்டிப் பெண் இதைக் கிசுகிசுத்துக்கொண்டிருக்கும்போதே எட்டரை மணிக்கு என் ரத்தஅழுத்த மாத்திரை அலாரம் அடித்தது. நாதஸ்வரம். முழுச் சத்தத்தில். பூடி, மாலா, வாய்லி எல்லாம் ஒரே தாவலில் மறைந்தன. பன்னிரண்டு பேரும் இருட்டில் என்னைப் பார்ப்பது தெரிந்தது. நிலா மூன்றடி தள்ளிப் போய் எனக்கும் அவளுக்கும் சம்பந்தமில்லாதவள் போல நின்றாள். வழிகாட்டி கோபிக்கவில்லை. "அது என்ன வாத்தியம்? கொம்பா?" என்று கேட்டார். கல்யாண வாத்தியம் என்றேன். இரண்டு நிமிடத்தில் பூடிகள் தட்டுக்குத் திரும்பிவிட்டன. கல்யாணச் சாப்பாடு என்றால் யார்தான் வரமாட்டார்கள்.

தங்கியது காட்டிலாகா ஆட்களின் பழைய மரக்குடில். போர்வை, விரிப்பு நாமே கொண்டுவர வேண்டும் என்று பதிவுத் தாளில் எழுதியிருந்ததாம், நான்தான் படிக்கவில்லை. பகலில் முப்பது டிகிரி, ராத்திரி பத்துக்கும் கீழே. துண்டையும் அக்கா கொடுத்தனுப்பிய மேஜை விரிப்பையும் போர்த்திக்கொண்டு படுத்தோம். வெளியே ஏதோ தத்தித் தத்திப் போகும் சத்தம். வேலிக்கு வெளியிலும் வாய்லி உண்டு என்று சொன்னார்களே என்று எழுந்துபோய்ப் பார்க்க ஆசை. குளிர் விடவில்லை.

நவம்பர் 11, செவ்வாய் – ஆல்பனி போகும் வழி

தெற்குக் கடற்கரை ஊரான ஆல்பனிக்கு 260 கிலோமீட்டர், அதில் பாதி தூரம் தானிய லாரிகளுக்குப் பின்னால். இங்கே லாரி என்றால் ஒன்றோடு ஒன்று கோத்த ரயில் பெட்டி மாதிரி. எதிரே ஒன்று கடந்தபோது சுள்ளென்று ஒரு கல் வந்து முன்கண்ணாடியில் விழுந்தது. முதலில் மிளகு அளவு. ஆல்பனி போய்ச் சேரும்போது ஒரு முழ விரிசல். வாடகைக் கம்பெனிக்குப் போன் செய்தால் அரை மணி நேரம் பாட்டுப் போட்டார்கள். அப்புறம் வந்த பையன் "ஓட்ட முடிகிறதா? அப்படியானால் ஓட்டுங்கள்" என்றான்.

சாலையோரத்தில் மூஜார் மரங்கள் ஆரஞ்சு நிறத்தில் பூத்துக் குலுங்கின. ராத்திரி ஒரு பஞ்சாபிக்காரர் உணவகத்தில் பருப்பும் சோறும். நாங்கள் பேசுவதைக் கேட்டுவிட்டு, கேட்காமலே ஊறுகாய் கொண்டுவந்து வைத்தார். நிலா மூன்று தடவை சோறு வாங்கினாள்.

நவம்பர் 12, புதன் – டூ பீப்பிள்ஸ் பே

இந்த ஒரு நாளுக்காகத்தான் இவ்வளவும். கில்பர்ட் பொட்டரூ இருக்கும் காடு.

ஜான் கில்பர்ட் என்பவர் லண்டனிலிருந்த பறவை ஆய்வாளர் ஜான் கூல்டுக்காகப் பறவைகளையும் விலங்குகளையும் சேகரித்து அனுப்பியவர். 1840 வாக்கில் ஆல்பனிப் பக்கம் இந்தச் சின்னப் பிராணியைப் பிடித்தார். கூல்டு மறுவருடமே அதற்குக் கில்பர்ட் பெயரை வைத்தார். 1845-இல் கண்டத்தின் வடக்கே லைக்ஹார்ட் என்பவரின் நாடாய்வுப் பயணக் கூட்டத்தோடு போனபோது ஓர் இரவில் ஈட்டி பாய்ந்து கில்பர்ட் இறந்துபோனார். அவர் பெயரைத் தாங்கிய பிராணியும் 1870களோடு காணாமல் போனது. நூறு வருடத்துக்கு மேல் கணக்கில் இல்லை. செத்தது என்றே எழுதிவிட்டார்கள். 1994 கடைசியில் எலிசபெத் சின்க்ளேர் என்ற ஆராய்ச்சி மாணவி இங்கே குவாக்கா பிடிக்கப் பொறி வைத்தார். காலையில் போய்ப் பார்த்தால் பொறிக்குள் குவாக்கா இல்லை, இது உட்கார்ந்திருந்தது.

ஆல்பனியிலிருந்து அரை மணி நேரம். காட்டுப் பாதை தொடக்கத்தில் தூரிகையும் மருந்துநீரும் வைத்திருந்தார்கள். செருப்பின் அடியில் ஒட்டிய மண்ணைத் தேய்த்துவிட்டுத்தான் நுழைய வேண்டும். செடிகளின் வேரை அழுகச் செய்யும் ஒரு கிருமி மண்ணோடு வருகிறதாம். கறிவேப்பிலை அம்மாள் ஞாபகம் வந்தது.

தகவல் கூடத்தில் ஒரு வயதான தன்னார்வலர் அம்மாள், கண்ணாடியைக் கயிற்றில் மாட்டியிருந்தார். பொட்டரூ பார்க்க முடியுமா என்றேன். "இருபத்தைந்து வருடமாக வருகிறேன். நானே காட்டில் பார்த்ததில்லை" என்றார். அதைக் குறையாகச் சொல்லவில்லை. மொத்தமே நூறு சொச்சம்தான் இருக்கின்றன, ஆள் புக முடியாத புதருக்குள், ராத்திரியில் மட்டும். சாப்பாட்டில் பத்தில் ஒன்பது பங்குக்கு மேல் மண்ணடிக் காளான், அதுவும் ஒரே வகையல்ல, பல வகை. அதனால்தான் கூண்டில் வைத்து வளர்த்துப் பெருக்கும் முயற்சி தோற்றது. மாலாவைக் காப்பாற்றியது போல இதைக் காப்பாற்ற வழியில்லை.

2015 நவம்பரில் இங்கே மின்னல் விழுந்து தீப்பிடித்தது. பொட்டரூ வாழ்ந்த இடத்தில் பத்தில் ஒன்பது பங்கு எரிந்துபோனது. அதைச் சொல்லும்போது அந்த அம்மாள் சன்னலுக்கு வெளியே மலைச்சரிவைக் காட்டினார். பத்து வருடத்தில் பச்சை திரும்பிவிட்டது, ஆனால் நடுவே கரிந்த குச்சிகள் இன்னும் நீட்டிக்கொண்டு நிற்கின்றன. யாரோ புத்திசாலி 2005-லேயே சிலவற்றைப் பிடித்து பால்ட் தீவில் விட ஆரம்பித்திருந்தார். அப்புறம் வேலி போட்ட ஓர் அடைப்பு, 2018-இல் மிடில் தீவு. பால்ட் தீவுக் கூட்டம் மட்டும் இல்லையென்றால் கதை 2015-இல் ஏறக்குறைய முடிந்திருக்கும்.

நிலா இதுவரை பேசவில்லை. "அப்போ எல்லாமே தீவுலதான் பொழைச்சிருக்கா மாமா? குவாக்கா, பூடி, இது... அந்த வேலியும் ஒரு தீவுதானே" என்றாள். நான் ஆறு நாளாக நோட்டில் சுற்றி வளைத்து எழுதிக்கொண்டிருந்ததை இவள் காரில் போட்ட ஏசியை நிறுத்துகிற மாதிரி சர்வசாதாரணமாகச் சொல்லிவிட்டாள்.

இரண்டு மணி நேரம் நடந்தோம். தூறல், பக்கவாட்டில் அடிக்கிற காற்று. பாதையில் ஒரு புலிப்பாம்பு குளிர்காய்ந்துகொண்டிருந்தது. அதற்கு வழிவிட்டுப் பத்து நிமிடம் நின்றோம். அது எங்களைக் கண்டுகொள்ளவில்லை. புதரில் அங்கங்கே சின்னச் சின்னக் குழிகள், கூம்பு வடிவில். பொட்டரூ தோண்டியதா, பண்டிகூட் என்ற வேறொரு பைப்பிராணி தோண்டியதா, யாரைக் கேட்பது? குனிந்து ஒரு குழிக்குள் மோந்து பார்த்தேன். மண் வாசனைதான்.

திரும்பும்போது புதருக்குள்ளிருந்து ஒரு கூச்சல். ஏறிக்கொண்டே போய்க் காதைக் கிழித்துச் சட்டென்று நின்றது. இவ்வளவு சத்தம் போடுகிற பறவை மூன்றடி தூரத்தில்தான் இருக்க வேண்டும், ஆனால் ஓர் இலைகூட அசையவில்லை. தகவல் கூடத்து அம்மாளிடம் நடித்துக் காட்டினேன். அவருக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. இரைச்சல் புதர்க்குருவியாம். அதையும் முதலில் கண்டவர் கில்பர்ட்தான். அதுவும் அழிந்தது என்று எழுதப்பட்டு, 1961-இல் இதே இடத்தில் திரும்பக் கிடைத்தது. இங்கே ஒரு ஊர் கட்ட மனை அளந்து வைத்திருந்தார்களாம். இந்தக் குருவிக்காக ஊரைக் கைவிட்டார்கள். அந்த ஊர் வந்திருந்தால் 1994-இல் பொறிக்குள் எதுவும் உட்கார்ந்திருக்காது.

மாலையில் கிழக்கே செய்ன்ஸ் பீச் வரை போனோம். தூண்டில் போட்டுக்கொண்டிருந்த ஒருவரிடம் பால்ட் தீவு எது என்று கேட்டேன். மேகத்துக்கும் கடலுக்கும் நடுவே தெரிந்த ஒரு மொட்டைப் பாறை முதுகைக் கையால் காட்டினார். "அங்கே ஒன்றும் இல்லையே" என்றார். பொட்டரூ இருக்கிறது என்றேன். தூண்டிலைச் சுற்றிக்கொண்டே கொஞ்ச நேரம் அந்தப் பக்கம் பார்த்தார். பிறகு பிடித்த மீனில் இரண்டை எங்களுக்குக் கொடுத்தார். சமைக்க இடமில்லை என்று சொன்னால் கேட்கவில்லை. விடுதிக்காரியிடம் கொடுத்துவிட்டோம்.

நவம்பர் 13, வியாழன் – மேமத் குகை

கார்ரி மரக்காடுகள் வழியாக ஐந்து மணி நேரம். அந்த மரங்களைப் பற்றித் தனியாகத்தான் எழுத வேண்டும், அண்ணாந்து பார்த்துக் கழுத்து வலித்தது. குகை மூடுவதற்கு முன் கடைசி ஆளாக நுழைந்தோம்.

பெயர்தான் மேமத், யானை எதுவும் கிடையாது. நூறு வருடம் முன்பு லுட்விக் கிளாவர்ட் என்பவர் இங்கே தோண்டி ஆயிரக்கணக்கில் எலும்பு எடுத்தார். சுவரில் பதிந்த ஒரு பழைய தாடை எலும்பை அப்படியே விட்டு விளக்குப் போட்டிருக்கிறார்கள். இங்கே கிடைத்ததை வைத்து 1910-இல் அவர் பெயர் வைத்த குட்டைமுகக் கங்காரு ஒன்று உண்டு. மொண்ணை மூஞ்சி, பின்காலில் ஒற்றை விரல், ஒரு ஆள் எடைக்கு மேல். இவற்றின் உறவுக்காரர்களில் ஒன்று 230 கிலோ வரை வளர்ந்தது. தத்திப் போவதற்குப் பதில் நம்மைப் போல ஒவ்வொரு காலாக எடுத்து வைத்து நடந்திருக்கும் என்று எலும்பைப் பார்த்துச் சொல்கிறார்கள். ஏறக்குறைய 40,000 வருடத்துக்கு முன் எல்லாம் போய்விட்டன.

யார் கொன்றது என்ற சண்டை ஓயவில்லை. இந்தக் குகையில் கிடைத்த ஒரு கங்காருக் காலெலும்பில் வெட்டுக்காயம் இருந்தது. ஆதி மனிதர் வெட்டித் தின்றதற்கு அதுவே சாட்சி என்று 1980-இல் எழுதினார்கள். எழுதியவர்களில் ஒருவரான மைக் ஆர்ச்சரே 2025 அக்டோபரில் வேறு சொல்லியிருக்கிறார். ஸ்கேன் வைத்துப் பார்த்ததில், அந்த எலும்பு காய்ந்து வெடித்துக் கல்லான பிறகுதான் வெட்டு விழுந்திருக்கிறது. வேட்டையாடியவர் வெட்டியதல்ல, புதைபடிவம் சேகரித்தவர் வெட்டியிருக்கலாம். நாற்பத்தைந்து வருடம் கழித்து நான் தப்பாகச் சொன்னேன் என்று சொல்ல ஒரு மனசு வேண்டும்.

குகைக்குள் நல்ல குளிர். நிலா நான்கு நாள் கழித்து முதல் தடவையாக ஈவலையைக் கழற்றினாள்.

நவம்பர் 14, வெள்ளி – பெர்த்

கார் திருப்பிக் கொடுக்கும் இடத்தில் இருந்தவர் விரிசலைப் பார்த்ததும் கேட்ட முதல் கேள்வி: "கங்காருவா?"

கல் என்றேன். முகம் தெளிந்துவிட்டது. கங்காரு என்றால் படிவமே வேறாம், நான்கு பக்கம். இது ஒரு பக்கம்தான். இன்சூரன்ஸ் போக என் பங்கு 400 டாலர். கையெழுத்துப் போடும்போது அவர் சும்மா பேச்சுக்குக் கேட்டார், வழியில் கங்காரு நிறையப் பார்த்தீர்களா என்று. நான் வாயைத் திறப்பதற்குள் நிலா முந்திக்கொண்டாள். பூடி, மாலா, வாய்லி என்று விரல் விட்டு எண்ணி, "பொட்டரூ மட்டும் பாக்கல, குழி பார்த்தோம்" என்று ஆங்கிலத்தில் ஒப்பித்தாள். அவர் பேனாவை நிறுத்திவிட்டு, "அதெல்லாம் எலியா?" என்று கேட்டார்.

நிலா ஆரம்பித்துவிட்டாள். பின்னால் வரிசையில் நான்கு பேர் நின்றார்கள். நான் போய்ப் பெட்டிகளை இறக்கினேன்.